ஊமைப் படத்துக்கு எதற்கு ஹெட்போன்?

நேற்று ராத்திரி ஊமைப் படம் பார்க்க ஹெட்போனைத் தேடிக்கொண்டிருந்ததைப் பார்த்து வீட்டில் ஒரே சிரிப்பு. சிரிக்கட்டும். படம் 1929இல் பெர்லினில் வெளியான 'இஷ் க்யூஸே ஈரே ஹாண்ட், மடாம்'. 'அம்மணி, உங்கள் கையில் முத்தமிடுகிறேன்' என்று அர்த்தம்.

முதலில் வந்தது பாட்டுதான். ரால்ஃப் எர்வின் மெட்டு, ஃபிரிட்ஸ் ரோட்டர் வரிகள், டாங்கோ தாளம்; ரிச்சர்ட் டாபர் பாடி ஊரெல்லாம் ஹிட். தலைப்பு தயாராக இருக்கிறது, கதையைப் பண்ணிக்கொள்ளலாம் என்று இறங்கியிருக்கிறார்கள். இயக்கம் ராபர்ட் லாண்ட்.

கதை பாரிஸில் நடக்கிறது. விவாகரத்தான ஒரு பணக்காரப் பெண், கனவான் என்று நம்பி ஒருவனிடம் மனதைக் கொடுக்கிறாள். பார்த்தால் அவன் ஹோட்டலில் ஹெட் வெயிட்டர். அம்மணிக்கு வருகிறதே ஒரு கோபம்! அப்புறம்தான் தெரிகிறது, அவன் ரஷ்யாவிலிருந்து வந்த அசல் பிரபுதான், பிழைப்புக்காகத் தட்டு ஏந்துகிறான் என்று. இந்த முடிவு எனக்குப் பிடிக்கவில்லை. வெயிட்டராகவே இருந்திருந்தால் என்ன, குடியா மூழ்கிவிடும்?

அந்தப் பெண்ணாக நடித்தவர் மார்லீன் டீட்ரிக். அவரை உலகப் புகழ் நடிகையாக்கிய 'தி ப்ளூ ஏஞ்சல்' படம் வருவதற்கு முந்தைய வருஷம், கன்னமெல்லாம் இன்னும் பூசினாற்போல இருக்கிறது. ஆனால் அன்றைக்குப் பெரிய ஸ்டார் கதாநாயகன் ஹாரி லீட்கேதான்.

சரி, ஹெட்போனுக்கு வருகிறேன். படம் முழுக்க எழுத்து அட்டைதான், வசனம் கிடையாது. அந்த ஒரு பாட்டுக்கு மட்டும் ஒலி சேர்த்திருக்கிறார்கள். லீட்கே வாயைத் திறக்கிறார், டாபரின் குரல் வருகிறது! பின்னணிப் பாட்டிலேயே வளர்ந்த நமக்கு இது சாதாரணம்தான். ஆனாலும் அதுவரை சத்தமே இல்லாமல் வாயசைத்த ஆளிடமிருந்து திடீரென்று அவ்வளவு பெரிய குரல் வந்ததும் எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. பாட்டு முடிந்ததும் மனிதர் மறுபடி ஊமை.

படம் முடிந்து அந்தப் பெயர்களைத் தேடிப் படிக்காமல் இருந்திருக்கலாம். நாஜிகள் வந்ததும் டாபர் ஜெர்மனியை விட்டே போகவேண்டியதாயிற்று. பிரான்சுக்கு ஓடிய எர்வின் 1943இல் அங்கே ஒரு தடுப்பு முகாமில் இறந்துபோனார். ஐந்து வருஷம் கழித்து, 1948இல் அமெரிக்கப் பாடகர் பிங் கிராஸ்பி அதே மெட்டை ஹாலிவுட் படம் ஒன்றில் ஹாயாகப் பாடுகிறார்.

தூக்கம் வரவில்லை. லீட்கேயின் உதட்டசைவு பாட்டோடு ஒட்டுகிறதா என்று பார்க்க அந்த இடத்தை மட்டும் இன்னும் மூன்று தடவை ஓட்டினேன்.