தென்னையில் சாம்பல் வட்டம்: பேர் கண்டுபிடித்த அனுபவம்

பொள்ளாச்சிப் பக்கம் எங்க அப்புச்சி (அம்மாவின் அப்பா) தோப்பில் பல மரங்களின் தண்டில் உள்ளங்கை அளவுக்குச் சாம்பல் வட்டங்கள் உண்டு. 2016-ல் தென்னையைத் தாக்கும் ரூகோஸ் சுருள் வெள்ளை ஈ இந்தியாவில் முதலில் தெரியவந்தது எங்க பகுதியில்தான். வேர் வாடல் நோயும் பல தோப்புகளைப் பதம் பார்த்துவிட்டது. அதனால் மரத்தில் எது கண்ணில் பட்டாலும் அவருக்கு வயிற்றைக் கலக்கும்.

"கண்ணு, இது தண்டைத் திங்குதாட்ட இருக்குது. சொரண்டிப் போட்டு சுண்ணாம்பு அடிச்சுரலாமா?"

"கொஞ்சம் பொறுங்க அப்புச்சி, என்னன்னு பாத்துட்டுச் சொல்றனுங்க."

சாறு வடிதல் நோய் இல்லை என்பதை முதலில் உறுதி செய்தேன். அந்த நோய் வந்தால் தண்டு வெடித்துச் செம்பழுப்பாகச் சாறு கசியும், பிறகு கறுத்துக் காயும். இங்கே பட்டை கல்லாட்டம் இருந்தது. வட்டத்தின் மேல் தண்ணீர் தெளித்ததும் சாம்பல் மங்கி இளம்பச்சை எட்டிப் பார்த்தது. உள்ளே பாசி இருக்கிறது, அப்படியென்றால் லைக்கன். பூஞ்சையும் பாசியும் சேர்ந்து வாழும் உயிர் அது. சாப்பாட்டைப் பாசியே வெயிலில் தயாரித்துக்கொள்ளும், மரத்தின் சாற்றைத் தொடாது.

எந்த லைக்கன் என்பதில்தான் வேலை இருந்தது. போட்டோவை மட்டும் பார்த்துப் பேர் சொல்வதை நான் நம்புவதில்லை. எங்க சமவெளி மரங்களில் சர்வசாதாரணமான டிரினேரியா, பிக்சைன் என்ற இரண்டு லைக்கன் வகைகளும் தூரத்திலிருந்து பார்த்தால் ஒரே மாதிரிதான். பத்து மடங்கு பெரிதாக்கும் கை லென்ஸில் பார்த்தபோது, ஓரத்தில் குறுகலான இதழ்கள் நெருக்கமாகப் பிரிந்து ஓடின. நுனிகளில் திருநீறு பூசியது போல வெள்ளை. நடுப்பகுதியில் தூள்தூளாகக் குவியல்கள், இனம் பெருக்கும் துகள்கள் அவை. கத்தி நுனியால் ஓர் இதழைத் தூக்கினால் அடிப்பக்கம் கறுப்பு, மெல்லிய வேர்போன்ற இழைகள். டிரினேரியாவுக்கு அந்த இழைகள் இருக்காது.

பொழுது சாய்ந்த பிறகு புற ஊதா டார்ச் அடித்தேன். கள்ளநோட்டு பார்க்க விற்கிற மலிவு டார்ச்சில் ஊதா வெளிச்சமே கண்ணை நிறைத்துவிடும், 365 நானோமீட்டர் அலைநீளம் உள்ளதாகக் கேட்டு வாங்க வேண்டும். அடித்த மாத்திரத்தில் வட்டம் முழுக்கப் பளீரென மஞ்சளாக ஒளிர்ந்தது! பக்கத்துப் பட்டை இருட்டாகவே கிடந்தது. அந்த ஒளி லைக்கெக்ஸாந்தோன் என்ற வேதிப்பொருளால் வருவது. பள்ளி ஆய்வகத்தில் வேலை செய்யும் நண்பர் தந்த பொட்டாசியம் ஹைட்ராக்சைடு கரைசலை ஒரு சொட்டு விட்டேன், நிறம் மாறவில்லை. டிரினேரியாவாக இருந்தால் மஞ்சளாகியிருக்கும்.

பிக்சைன் சப்சினேரியாவும் இதேபோல ஒளிரும், தூளும் வைக்கும். ஆனால் அதன் உள்சதை நல்ல மஞ்சள். பிளேடால் மெல்லச் சீவிப் பார்த்தேன், உள்ளே வெளுப்பு. ஆக, பிக்சைன் கோகோஸ். 1788-ல் ஸ்வீடன் தாவரவியலாளர் ஓலோஃப் ஸ்வார்ட்ஸ் வெளியிட்ட இனம், வெப்பமண்டல நாடுகளில் பரவலாக உண்டு.

பட்டையின் மேல்செதிலோடு ஒரு துண்டைப் பேப்பர் உறையில் போட்டு வைத்தேன். பிளாஸ்டிக் கவர் வேண்டாம், பூசணம் பிடிக்கும். மரம், தரையிலிருந்து உயரம், ஊர், தேதி நாலையும் உறைமேல் அப்போதே எழுதிவிடுவது நல்லது. பிறகு எழுதலாம் என்று விட்டால் அந்த மாதிரிக்கு மதிப்பில்லை.

அப்புச்சியை இருட்டில் கூட்டிப்போய் டார்ச் அடித்துக் காட்டினேன். கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டே நின்றவர், "மரத்துக்குக் கெடுதல் இல்லைன்னா இருந்துட்டுப் போகுது" என்றார். சுண்ணாம்புப் பேச்சு அதோடு நின்றது.

இப்போது அடுத்த தோட்டத்து மாமா தன் மாமரத்துச் செதில் ஒன்றைக் கொடுத்திருக்கிறார். டார்ச்சில் அது ஒளிரவில்லை, சொட்டு விட்டதும் மஞ்சளானது, அடியில் இழையும் இல்லை. டிரினேரியாதான், அதில் எந்த இனம் என்று இனிமேல் பார்க்க வேண்டும்.