ஐபு

"அக்கா, மலேசியாவுல அந்த மாதிரிப் படமெல்லாம் கிடைக்கவே கிடைக்காதா?" நேற்று பெங்களூருவில் என் ஆபீஸ் கேன்டீனில் புதிதாகச் சேர்ந்த பையன் கேட்டான். நான் ஈப்போவில் வளர்ந்தவள் என்பது அவனுக்குத் தெரியும். அங்கே பேசி முடியவில்லை, இங்கே எழுதுகிறேன்.

கிடைக்கும். மலாய்க்காரர்கள் அதை பிலெம் பிரு என்பார்கள், அதாவது நம் நீலப்படமேதான். ஆனால் அங்கே கையில் வைத்திருந்தாலே குற்றம். 2002ஆம் ஆண்டு திரைப்படத் தணிக்கைச் சட்டப்படி 5 ஆண்டு வரை சிறை, அல்லது 10,000 முதல் 50,000 ரிங்கிட் வரை அபராதம், இரண்டும் கூட விதிக்கலாம்.

சட்டத்தை விட எனக்கு என் தோழிதான் முக்கியம். படிவம் ஐந்து, அதாவது பதினோராம் வகுப்பு வரை பக்கத்தில் உட்கார்ந்து படித்த மலாய்ப் பெண். காதலன் செல்போனில் எடுத்த வீடியோ, பிரிந்த பிறகு வெளியே வந்தது. அவள் எந்தப் படத்திலும் நடிக்கவில்லை. ஆனாலும் எங்கள் தாமானில், அதாவது குடியிருப்பில், அதை நீலப்படம் என்றே சொன்னார்கள். அவள் வேலையை விட்டுவிட்டு ஜொகூருக்குப் போய்விட்டாள். அவனுக்கு அடுத்த வருடமே கல்யாணம். கூடாரம் போட்டு ரெண்டாங் என்ற இறைச்சிக் கறி பரிமாறினார்கள், தெருவே போய்ச் சாப்பிட்டது.

மலாயில் ஆயிப் என்று ஒரு சொல் உண்டு. ஒருவருடைய மறைவான குறை, வெட்கம். அடுத்தவர் ஆயிப்பைத் திறந்து காட்டுவது பாவம் என்று சின்னப் பிள்ளைகளுக்கே சொல்லிக் கொடுப்பார்கள். அப்படிச் சொல்லிக் கொடுத்த பெரியவர்களின் போன்களிலும் அந்த வீடியோ இருந்தது. அதை என்னால் இன்றும் மன்னிக்க முடியவில்லை.

சிவாஜி நகரில் என் வீட்டுக்கார அம்மா தமிழ் முஸ்லிம். இதைக் கேட்டதும், "அடுத்தவங்க ஐபை மூடுனா நம்ம ஐபை அல்லா மூடுவான், இது கூடவா தெரியாது அவங்களுக்கு?" என்றார். அதே சொல்தான்!

பெங்களூரு மட்டும் ரொம்ப ஒழுங்கு என்று சொல்ல வரவில்லை. 2012 பிப்ரவரியில் இங்கே கர்நாடகச் சட்டசபைக்குள் செல்போனில் ஆபாச வீடியோ பார்த்த விவகாரத்தில் மூன்று அமைச்சர்கள் ராஜினாமா செய்தார்கள். அவர்களில் ஒருவர் 2019இல் துணை முதல்வராகவே திரும்பி வந்தார்.

என் தோழி இன்னும் ஈப்போவுக்குத் திரும்பவில்லை. ஹரி ராயா, அதாவது ரம்ஜான் பெருநாள் வந்தால் அவள் அம்மாதான் ஈப்போவின் அமான்ஜெயா பஸ் நிலையத்தில் பஸ் ஏறி ஜொகூருக்குப் போகிறார்.