ஸ்நேர் விழுங்கும் வல்லினம்: 505இல் ஒரு பல்லவி உட்கார்ந்த கதை

ரோலண்ட் எம்சி-505 தாளப்பெட்டியில் நான் செய்யும் ஆல்பத்தின் முதல் பாட்டில் ஒருவழியாகப் பல்லவி உட்கார்ந்துவிட்டது. சரணம் அரைகுறை, பேஸ் பெயருக்கு ஓடுகிறது. ஆனாலும் இப்போதே எழுதிவிடுகிறேன். தமிழ் ராப்பை ஜமைக்காவின் டான்ஸ்ஹால் தாளத்தில் வைத்துப் பார்த்தவர்கள் எல்லோரும், ஸ்நேர் டிரம் அடியில் வல்லின எழுத்து அமுங்கிப்போகும் இந்த இடத்தில் முட்டிக்கொண்டிருப்பார்கள்.

திட்டம் இதுதான். எம்.ஐ.ஏ. என்ற மாதங்கி அருள்பிரகாசத்தின் ‘அருளர்’ ஆல்பம் (2005) கருவான வழியிலேயே போவது: ஒரே பெட்டி, கையில் இருக்கிற சத்தங்கள், வாய். எலாஸ்டிகா என்ற பிரிட்டிஷ் ராக் குழுவின் சுற்றுப்பயணத்தைப் படம்பிடிக்கப் போன மாதங்கிக்கு ரோலண்ட் எம்சி-505ஐ அறிமுகப்படுத்தியவர் பாடகி பீச்சஸ். லண்டனில் எலாஸ்டிகாவின் பாடகி ஜஸ்டின் ஃப்ரிஷ்மனிடம் இருந்த 505ஐ வைத்துக்கொண்டு மாதங்கி டெமோ போட்டார். அவர் படித்தது திரைப்படம், இசை இல்லை. பிறகு பல தயாரிப்பாளர்கள் கைவைத்தார்கள், டான்ஸ்ஹால், பிரேசில் ஃபங்க் எல்லாம் சேர்ந்தது. ஆனாலும் எலும்பு அந்தப் பெட்டியின் எலும்புதான். ஆல்பத்தின் பெயர் அப்பாவின் இயக்கப் பெயர். உள்ளே போர், அகதி வாழ்க்கை, காசு. ஆனால் எதையும் உட்கார்ந்து விளக்குவதில்லை, கும்மிப்பாட்டு போலக் குட்டிக் குட்டி வரிகள். அரசியலைக் கோஷமாக்கி விற்றுவிட்டார் என்று திட்டியவர்கள் உண்டு. திட்டட்டும். விளக்கவுரை ஆரம்பித்தால் ஆடுகிறவன் கால் நின்றுவிடும், அவ்வளவுதான்.

என்னுடைய பாட்டு டெலிவரி ஆட்களைப் பற்றி. அடுக்ககங்களில் ‘டெலிவரிக்கு வருபவர்கள் மெயின் லிஃப்டைப் பயன்படுத்தக் கூடாது’ என்று அட்டை தொங்குமே, அது. வேகம் 100 பிபிஎம். ஒரு சுற்றை 16 படிகளாகப் பிரித்து அடிகளை வைக்கும் டிஆர்-ரெக் முறையில் கிக் டிரம் 1, 5, 9, 13. ஸ்நேர் 4, 7, 12, 15. ‘டெம்பவ்’ (dembow) என்கிற வழக்கமான டான்ஸ்ஹால் தாள வகை. நம் ஊர்க் கணக்கில் தகிட தகிட தக. இரண்டாவது தகிட தொடங்கும் இடத்திலும் தக தொடங்கும் இடத்திலும் ஸ்நேர் விழும். இதுவரை சுகம்.

முதலில் எழுதிய வரி ‘கதவைத் தட்டிப் போ’. எண்ணிப் பார்த்தால் 3, 3, 2, கச்சிதம். பாடிப் பதிவு செய்து கேட்டால் ‘கதவை…அட்டி…ஓ’ என்று வருகிறது. ‘தட்டி’யின் த 4ஆம் படியில், ‘போ’வின் ப 7ஆம் படியில். இரண்டுமே ஸ்நேர் தலையில் போய் உட்கார்கின்றன. வல்லினம் என்பது ஒரு நொடித்துளி வெடிப்பு. 505இன் ஸ்நேரும் அதே நேரத்தில் வெடிக்கிறது. யார் ஜெயிப்பார்கள் என்று சொல்ல வேண்டுமா?

ஸ்நேரை டைரக்ட் அவுட்டில் தனியாக எடுத்து லேப்டாப்பில் 3 கிலோஹெர்ட்ஸ் பக்கம் குறைத்துப் பார்த்தேன். வார்த்தை தெளிந்தது, ஸ்நேர் அட்டைப்பெட்டியைத் தட்டியது போலானது. அடுத்து ஸ்நேரை 3 டிக் தள்ளிப் போட்டேன். பெட்டிக்குக் கால் நோட்டுக்கு 96 டிக், இந்த வேகத்தில் ஒரு டிக் 6.25 மில்லிசெகண்ட், ஆக கிட்டத்தட்ட 19. ‘த’ தலை காட்டியது, ஆட்டம் படுத்துவிட்டது. டான்ஸ்ஹாலில் ஸ்நேர் சோம்பினால் பாட்டே சோம்பும்.

அப்புறம்தான் சத்தத்தை விட்டுவிட்டு வரியைப் பிடித்தேன். இப்போதைய பல்லவி:

படியில் ஏறி வா
பசியும் ஏறுது

1ஆம் படியில் ப. அங்கே இருப்பது கிக் மட்டும், கீழே கிடக்கும் சத்தம், இடிக்காது. 4இல் ஏ. வேகமாகப் பாடும்போது முன்னால் இருக்கும் ல் அதோடு ஒட்டி ‘லே’ என்று வழுக்கி ஸ்நேரைத் தாண்டிவிடுகிறது. நெடில் என்பதால் ஸ்நேர் அடங்கிய பிறகும் உயிர் கேட்கிறது. 7இல் வா, இடையினம், நெடில். இரண்டாவது வரியில் 7இல் ‘து’ வருகிறதே என்பீர்கள். இரண்டு உயிருக்கு நடுவில் அது மெலிந்துதான் ஒலிக்கும், தப்பித்துக்கொள்கிறது. இப்போது நோட்டில் 4, 7, 12, 15க்குச் சிவப்பு மையில் கோடு போட்டு வைத்திருக்கிறேன். அங்கே உயிர், இடையினம், மெல்லினம் மட்டும். வல்லினத்துக்கு 1, 9 கொடுத்தாயிற்று. ‘நிர்வாகம்’ மாதிரி வார்த்தையை 2ஆம் படியில் தொடங்கினால் ‘வா’வின் இழுப்பிலேயே 4ஐக் கடந்துவிடுகிறது. மிக்ஸில் இப்போது ஸ்நேரைத் தொடவே இல்லை, முழுச் சத்தத்தில் அடிக்கிறது, ஒவ்வொரு எழுத்தும் கேட்கிறது. பெருமையாகத்தான் இருக்கிறது.

505 வைத்திருப்பவர்களுக்கு ஒரு புலம்பல். பாட்டைச் சேமிக்க ஸ்மார்ட்மீடியா நினைவக அட்டை ஆன்லைனில் வாங்கினேன். விற்றவர் 5 வோல்ட் என்று சத்தியம் செய்தார், வந்தது 3.3. அட்டையின் வெட்டு எந்த மூலையில் இருக்கிறது என்று படத்திலேயே பார்த்துவிடுங்கள்: இரண்டுக்கும் எதிரெதிர் மூலை. பணம் திரும்ப வரவில்லை. இப்போதைக்குப் பெட்டியில் உள்ளதை மொத்தமாக மிடி கேபிள் வழியாக (பல்க் டம்ப்) எடுத்து லேப்டாப்பில் சேமிக்கிறேன். மெதுவாகப் போகும், ஆனால் போகும். ரெசொனன்ஸ் குமிழ் வேறு கரகரக்கிறது, கான்டாக்ட் கிளீனர் வாங்க ரிச்சி தெருவுக்கு ஒரு நடை போக வேண்டும்.

பறை வேண்டும் என்று நண்பர்கள் நச்சரிக்கிறார்கள். இந்தப் பெட்டியில் சாம்ப்ளிங் கிடையாது, வெளியிலிருந்து சேர்த்தால் ஒரே பெட்டி விதி உடையும். மூன்றாவது பாட்டில் உடைக்கலாம் என்று இருக்கிறேன். அருளரில் வருவது போல நடுநடுவே குட்டி ஸ்கிட் வைக்கவும் ஆசை. ஒரு வாட்ச்மேனும் டெலிவரிப் பையனும் கேட்டில் பேசிக்கொள்வது ஏற்கெனவே எழுதியாயிற்று. சரணம்தான் எழுதவில்லை. அதில் ‘அபார்ட்மென்ட் அசோசியேஷன்’ என்பதை எந்தப் படியில் தொடங்குவது என்று யாருக்காவது யோசனை இருந்தால் சொல்லுங்கள், எனக்கு 15இல் ‘சி’ வந்து மாட்டிக்கொண்டே இருக்கிறது.