ஐந்து வயது என்ற தவணை

இரண்டரை, மூன்று வயதாகியும் பேச்சு வராத குழந்தைகளோடு வேலை செய்கிறவர்களுக்குக் குமரகுருபரரின் கதை புதிதல்ல. ஸ்ரீவைகுண்டத்தில் பிறந்து, ஐந்து வயதுவரை வாய் திறக்காமலிருந்து, திருச்செந்தூர் சந்நிதியில் பேச்சு வந்து கந்தர் கலிவெண்பா பாடினார் என்ற கதை. நெல்லைப் பக்கத்து ஆச்சிகள் அதைத் தங்கள் பேரனுக்கே கிடைத்த வாக்குப்போல உறுதியாகச் சொல்வார்கள். "அஞ்சு வயசு ஆகட்டும், தானா பேசுவான். அவங்க அப்பனும் லேட்டாத்தான் பேசினான்." திருச்செந்தூர் போய் வருவதில் ஒரு குறையும் இல்லை. நம்பிக்கையோடு ஐந்து வயது என்ற தவணையையும் சேர்த்து எடுத்துக்கொள்ளும்போதுதான் பிள்ளைக்கு இழப்பு.

பேச்சைவிட முன்னதாகக் கவனிக்க வேண்டியவை சில உண்டு. ஒரு வயதில் பெயர் சொல்லி அழைத்தால் திரும்புகிறதா? ஒன்றேகால் வயதுக்குள் விரலை நீட்டி எதையாவது காட்டுகிறதா? பேசாத குழந்தை நிலாவைக் காட்டிவிட்டு அம்மாவின் முகத்தைப் பார்த்தால் பாதிக் கவலை குறையும். முகத்தையே பார்க்காமல் பெரியவரின் மணிக்கட்டைப் பிடித்து இழுத்துப்போய் ஃபிரிட்ஜ் கதவில் வைத்தால், ஆட்டிசம் உண்டா என்று பார்த்துவிடுவது நல்லது. அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைகளில் உள்ள மாவட்ட ஆரம்பநிலை இடையீட்டு சேவை மையங்களிலும், சென்னைக்கு அருகே முட்டுக்காட்டில் பல்வகை மாற்றுத்திறனாளிகளுக்காக உள்ள தேசிய நிறுவனத்திலும் இதைப் பார்க்கிறார்கள்.

முதலில் காது. பின்னால் நின்று தட்டைப் போட்டுப் பார்ப்பது சோதனை ஆகாது. அந்தச் சத்தத்துக்குத் திரும்புகிற குழந்தைக்குப் பேச்சொலிகள் சரியாகக் கேட்காமல் போகலாம். காது கேட்கிறதா என்று கருவியால் பார்க்கும் பெரா (BERA) சோதனைக்குக் குழந்தை தூங்க வேண்டும். அதற்காக முந்தின இரவு தாமதமாகத் தூங்க வைத்து அதிகாலையில் எழுப்பச் சொல்வார்கள். வரும் வழியில் பேருந்தில் தூங்க விட்டுவிட்டால் அன்றைய பயணம் வீண். நாக்கு ஒட்டியிருக்கிறது என்று வெட்டிவிடுவதாலும், வசம்பு உரசித் தடவுவதாலும் மொழி வராது. நாக்கு ஒட்டியிருந்தால் சில எழுத்துகள் தெளிவில்லாமல் போகலாம்; ஒன்றைக் கேட்க வேண்டும் என்ற எண்ணமே எழாமல் இருப்பதற்கு அது காரணம் ஆகாது.

பேச்சு வரும்வரை கேட்பதற்கு ஒரு வழி வேண்டும். 1985இல் அமெரிக்காவின் டெலவேரில் ஆண்டி பாண்டி, லோரி ஃபிராஸ்ட் இருவரும் உருவாக்கிய படப் பரிமாற்ற முறை (PECS), அதாவது வேண்டிய பொருளின் படத்தைக் கொடுத்து அதைக் கேட்டு வாங்கும் முறை, வீட்டிலேயே தொடங்கக்கூடியது. பிள்ளை தானாகக் கைநீட்டி எடுக்கிற பொருள் எது என்று ஐந்தாறை வைத்துப் பாருங்கள். முறுக்கு என்றால், வீட்டில் வாங்கும் அதே முறுக்கைப் படமெடுத்து, இரண்டு அங்குல அட்டையாக லேமினேட் செய்யலாம். முனைகளை வட்டமாக வெட்டுங்கள். கூரான முனை, குழந்தை வாயில் வைத்தால் கிழிக்கும்.

ஆரம்பத்தில் இரண்டு பெரியவர்கள் தேவை. ஒருவர் எதிரே முறுக்கோடு. இன்னொருவர் பிள்ளைக்குப் பின்னால். பிள்ளை முறுக்குக்குக் கை நீட்டியதும், பின்னால் இருப்பவர் அந்தக் கையைப் பிடித்து அட்டையை எடுக்க வைத்து, எதிரே இருப்பவரின் உள்ளங்கையில் வைக்கச் செய்ய வேண்டும். வைத்த அந்த நொடியே "முறுக்கு!" என்று சொல்லிக் கொடுத்துவிட வேண்டும். பின்னால் இருப்பவர் வாயே திறக்கக் கூடாது. எதிரே இருப்பவரும் "என்ன வேணும், சொல்லு" என்று கேட்கக் கூடாது. கேட்டால், கேள்வி வந்தால்தான் அட்டையை எடுக்க வேண்டும் என்று பிள்ளை பழகிவிடும். அப்புறம் பசித்தாலும் கேள்விக்காகக் காத்திருக்கும். முறுக்கை நகத்தளவு துண்டுகளாக ஒடித்து வையுங்கள். முழுசாகக் கொடுத்தால் பயிற்சி ஒரு தடவையோடு முடிந்தது. பின்னாலிருந்து செய்யும் உதவியைக் கடைசியிலிருந்து குறைக்க வேண்டும்: முதலில் உள்ளங்கையில் விடுவதைப் பிள்ளையிடம் விடுங்கள், பிறகு நீட்டுவதை, கடைசியாக எடுப்பதை.

அடுத்து தூரம். அட்டை கூடத்தில், அம்மா அடுக்களையில். பிள்ளை எடுத்துக்கொண்டு தேடி வர வேண்டும். பல வீடுகளில் இந்தக் கட்டத்தில்தான் முயற்சி நின்றுபோகிறது, ஏனென்றால் "கிழிச்சிடுவான்" என்று அட்டை பீரோவுக்குள் போய்விடும். கிழிந்தால் வேறு அட்டை அச்சடித்துக்கொள்ளலாம். கைக்கு எட்டாத அட்டையால் பிள்ளை எதையும் கேட்க முடியாது.

இதற்கெல்லாம் பெரிய தடை பாசம். கேட்பதற்கு முன்பே கொடுப்பதுதான் நம் வீடுகளில் அன்பின் அளவுகோல். முகம் சுருங்கினாலே பால் வந்துவிடுகிற வீட்டில் பிள்ளை எதற்காகக் கேட்க வேண்டும்? ஆனால் பாட்டியை இதற்காகக் கடிந்துகொள்ளக் கூடாது. எதிரே உட்காரும் வேலையை அவருக்கே கொடுங்கள். பொறுமையும் நேரமும் அவரிடம்தான் இருக்கின்றன. நாளின் மற்ற நேரமெல்லாம் அவர் விருப்பம். மாலைத் தின்பண்டத்துக்கு மட்டும் அட்டை.

அட்டை கொடுத்தால் பேச்சே வராது என்ற பயமும் உண்டு. ஆய்வுகள் அப்படிக் காட்டவில்லை. சில பிள்ளைகள் அட்டையோடு சொல்லையும் சேர்த்துச் சொல்லத் தொடங்குவார்கள். சிலர் சொல்ல மாட்டார்கள், அவர்களுக்கு அட்டையே மொழி. மழலைச்சொல்லைப் புகழும் குறளைப் படித்து வளர்ந்த தாய்க்கு, பேசாமல் அட்டையை நீட்டும் கை வலிக்கத்தான் செய்யும். அந்த வலி அட்டையைத் தூக்கிப் போடுவதில் போய் முடியக் கூடாது.

பேச்சு எட்டிப் பார்க்கும்போது இன்னொன்று நடக்கும். தாகமெடுத்த பிள்ளை வந்து "தண்ணி வேணுமா?" என்று நிற்கும். அது நம்மைக் கேட்கவில்லை. தண்ணீர் வரும் நேரமெல்லாம் காதில் விழுந்த வாக்கியத்தை அப்படியே திருப்பித் தருகிறது. திருத்தவோ சிரிக்கவோ வேண்டாம். "தண்ணி வேணும்" என்று பிள்ளை சொல்ல வேண்டியபடியே சொல்லிக் கொடுங்கள். கேள்விகளைக் குறைத்துக்கொண்டாலே வீட்டில் பாதி மாற்றம் வந்துவிடும்.

வேண்டியதைக் கேட்கும் அட்டைகள் பத்து சேர்ந்த வீட்டில்கூட 'வேண்டாம்' அட்டை பெரும்பாலும் இருப்பதில்லை. கடிப்பதும் தட்டைத் தள்ளுவதும் அநேகமாக அந்த ஒரு சொல்லுக்குப் பதிலாகத்தான். பிடிக்காத ஒன்றை, பாகற்காயோ கசப்பு மருந்தின் வாசனையோ, நீட்டி, பிள்ளை தள்ளுவதற்கு முன்பே 'வேண்டாம்' அட்டையைக் கொடுக்க வைத்து, உடனே எடுத்துவிட வேண்டும். மறுக்க முடியாத விஷயங்களில், தடுப்பூசி போன்றவற்றில், இந்த அட்டையைப் பழக்கக் கூடாது. வேண்டாம் என்று சொல்லியும் நடந்துவிட்டால் அட்டையின் மேல் நம்பிக்கை போய்விடும்.

எல்லாவற்றிலும் கடினமானது 'வலிக்குது'. வலியைச் செயற்கையாக உண்டாக்கிப் பயிற்சி கொடுக்க முடியாது. அதனால் முட்டி சிராய்த்த நாள், கொசு கடித்து வீங்கிய நாள் என்று கண்ணுக்குத் தெரியும் சின்ன வலிகளையெல்லாம் விடாமல் பயன்படுத்த வேண்டும்: அந்த இடத்தைத் தொட்டு, உடம்புப் படத்தில் அதே இடத்தைக் காட்டி, அட்டையைக் கொடுக்க வைத்து, மருந்து தடவ வேண்டும். காரணம் தெரியாமல் இரவெல்லாம் தலையை முட்டிக்கொள்ளும் பிள்ளைக்குப் பல் வலியோ காது வலியோ இருக்கலாம். வலிக்கும் இடத்தைக் காட்ட முட்டியில் பழகிய பிள்ளைதான் காதிலும் காட்டும்.