ஆயா போட்டோவும் அம்மா போனும்

போன மாசம் ஆயா தவறிட்டாங்க. எண்பத்தேழு வயசு, ஒரு நாள் கூட படுக்கையில கெடக்கல, சாயந்திரம் டீ குடிச்சிட்டு செத்த படுக்கறேன்னு படுத்தவங்க எழுந்திரிக்கல. பதினாறாம் நாள் காரியத்துக்கு மாட்டறதுக்கு ஒரு போட்டோ பெருசு பண்ணிட்டு வாடான்னு சித்தப்பா என்கிட்ட சொன்னாரு. குடும்ப குரூப்புல ஆளாளுக்கு ஆயா போட்டோ போட்டாங்க, அதுல எல்லாருக்கும் புடிச்சது ஒண்ணுதான், திண்ணையில ஒக்காந்து மடியில மொறம் வெச்சி மொச்ச உரிக்கிற போட்டோ, கேமராவ பாக்காம பக்கத்துல யாரையோ பாத்து சிரிச்சிகிட்டு இருப்பாங்க. அத அப்படியே டவுன்லோட் பண்ணி பென் டிரைவ்ல போட்டு கடலூர் மஞ்சக்குப்பத்துல ஒரு ஸ்டுடியோவுக்கு எடுத்துட்டு போனேன்.

ஸ்டுடியோ அண்ணன் ஓப்பன் பண்ணாரு, மவுஸ உருட்டி ஆயா மூஞ்சிய கிட்ட கொண்டு வந்தாரு. மூக்குத்தி இருக்கற எடத்துல நாலு கட்டம்தான் தெரிஞ்சிது, வெள்ளையா ரெண்டு, பழுப்பா ரெண்டு. "தம்பி, இது வாட்ஸ்அப்ல வந்ததா? 12க்கு 18 போட்டா மூஞ்சி ஒடஞ்சிரும்பா. ஒரிஜினல் யாரு போன்ல இருக்குன்னு கேட்டு வாங்கிட்டு வா, நான் வெயிட் பண்றேன்"ன்னாரு. காசு வாங்கிட்டு இருக்கறத போட்டு குடுத்திருக்கலாம், அவர் அப்படி பண்ணல.

அவர் சொன்னத வீட்டுக்கு வந்து கணக்கு போட்டு பாத்தேன். வாட்ஸ்அப்ல சாதாரணமா போட்டோ அனுப்புனா நீளப்பக்கம் 1600 பிக்சல் அளவுக்கு சுருங்கிடும், அத 18 இன்ச்சுக்கு பரப்புனா ஒரு இன்ச்சுக்கு 90 புள்ளி கூட தேறாது. நல்ல பிரிண்டுக்கு 300 கேப்பாங்க, சுவத்துல மாட்டி தள்ளி நின்னு பாக்கறதுக்கு 200 இருந்தாலும் போதும். அதே போட்டோ எடுத்த போன்ல 12 மெகாபிக்சல், அதாவது 4000க்கு 3000, வகுத்தா 220க்கு மேல வருது. எச்டின்னு ஒரு பட்டன் 2023ல வந்துச்சு, அதுல அனுப்புனாலும் ஒரிஜினல் கெடையாது. டாகுமெண்ட்டா சேத்து அனுப்புனாதான் எடுத்தது எடுத்தபடி போகும், எந்த தேதி எத்தன மணிக்கு எடுத்ததுங்கற விவரமும் கூடவே போகும், சாதாரணமா அனுப்புனா அது எல்லாம் உருவிட்டுதான் அனுப்பும்.

சரி, அந்த போட்டோ எடுத்தது யாருன்னு விசாரிச்சா அம்மா. போன வாங்கி கேலரில தேடுறேன், மேல சிவப்புல ஸ்டோரேஜ் ஃபுல்லுன்னு வந்துகிட்டே இருக்கு. என்னம்மா இதுன்னு கேட்டதுக்கு "ஆமாண்டா, ரெண்டு மாசமா எடம் இல்லன்னு வருது, அதான் பழசு கொஞ்சம் கொஞ்சமா அழிச்சிகிட்டு வரேன்"னாங்க. எனக்கு வயித்த கலக்கிடுச்சி. எத அழிச்சீங்கன்னு கேட்டா அவங்களுக்கும் சரியா சொல்ல தெரியல, மங்கலா இருந்தது, ஒரே மாதிரி ரெண்டு மூணு இருந்ததுன்னு சொன்னாங்க. நல்லவேளையா மொச்ச போட்டோ இருந்துச்சி. கேலரில டிராஷ்னு ஒண்ணு இருக்கும், அழிச்சது 30 நாள் வரைக்கும் அதுல கெடக்கும், அதுல போயி பாத்து நாப்பது ஐம்பது போட்டோவ திருப்பி எடுத்தேன், ரெண்டு மூணுல ஆயா கையி மட்டும் வந்திருக்கு, தோள் மட்டும் வந்திருக்கு, அதையும் எடுத்தேன். முப்பது நாளுக்கு முன்னாடி போனது போனதுதான்.

அன்னிக்கு ஸ்டுடியோவுக்கு அந்த ஒத்த போட்டோவ டாகுமெண்ட்டா அனுப்பிட்டேன், அது ரெண்டு நிமிஷ வேல. ஆனா அந்த போன்ல ஆயா இன்னும் எத்தனை எடத்துல இருக்காங்கன்னு தெரியல, எல்லாம் அந்த ஒரே போன்ல, டிஸ்ப்ளேல ஏற்கனவே பச்ச கோடு விழுந்த போன்ல. அதனால காரியம் முடிஞ்ச மறுநாளே மொத்தத்தையும் கம்ப்யூட்டருக்கு மாத்தறதுன்னு ஒக்காந்தேன்.

மொதல்ல போன் கம்ப்யூட்டர்ல தெரியவே இல்ல, சார்ஜ் மட்டும் ஏறுது. அது அம்மா எங்கியோ பஸ் ஸ்டாண்டு கிட்ட வாங்குன வயரு. யூஎஸ்பி வயர்ல சார்ஜுக்கு ரெண்டு கம்பி, டேட்டாவுக்கு ரெண்டு கம்பி இருக்கணும், வெல கம்மியா விக்கற வயர் சிலதுல டேட்டா கம்பியே வெக்கறது இல்ல, வெளிய பாத்தா ரெண்டும் ஒரே மாதிரிதான் இருக்கும். போனோட வந்த வயர தேடி எடுத்து போட்டதும் டிங்குன்னு சத்தம் வந்துச்சி. அப்பவும் உள்ள ஒண்ணுமே இல்ல, காலியா காட்டுது. ஆண்ட்ராய்டு போன் தானா சார்ஜிங்லதான் நிக்கும், நாமதான் லாக்க தொறந்து, மேல இருந்து கீழ இழுத்து, யூஎஸ்பின்னு வர எடத்த தட்டி ஃபைல் டிரான்ஸ்ஃபர்னு மாத்தணும், போன் டேட்டாவ பாக்க விடலாமான்னு கேட்டா அலோ குடுக்கணும். நெறைய பேர் இந்த எடத்துலதான் போன் ரிப்பேர்னு நெனச்சி விட்டுடறாங்க.

உள்ள போனா டிசிஐஎம்னு ஒரு ஃபோல்டர், அதுல கேமரா. நாம எடுத்தது எல்லாம் அதுலதான். ஆனா அதோட நிறுத்திடாதீங்க. வாட்ஸ்அப்ல வந்தது அங்க இருக்காது, ஆண்ட்ராய்டு 11க்கு அப்பறம் அத உள்ள கொண்டு போயி வெச்சிட்டாங்க, ஆண்ட்ராய்டு, அதுல மீடியா, அதுல காம் டாட் வாட்ஸ்அப், அதுல வாட்ஸ்அப், அதுல திரும்பவும் மீடியா, அப்பறம்தான் வாட்ஸ்அப் இமேஜஸ்னு வரும். ஆயாவோட கடைசி பொறந்தநாள்ல அக்கா எடுத்தது எல்லாம் அங்கதான் கெடந்துச்சி, கேமரா ஃபோல்டர் மட்டும் எடுத்திருந்தா அத விட்டிருப்பேன். வாய்ஸ் மெசேஜுக்கு தனியா ஒரு ஃபோல்டர் இருக்கு, அதையும் எடுங்க, நான் எடுத்தேன், இன்னும் கேக்க மனசு வரல.

இப்ப முக்கியமானது. காப்பி பண்ணுங்க, கட் பண்ணாதீங்க. இது நான் பட்டு தெரிஞ்சிகிட்டது. சில வருஷம் முன்னாடி மாசி மகத்துக்கு தேவனாம்பட்டினம் பீச்சுல சாமி எல்லாம் தீர்த்தவாரிக்கு வரப்ப எறநூறு போட்டோ எடுத்தேன், வீட்டுக்கு வந்து எடம் வேணுமேன்னு கட் பண்ணி கம்ப்யூட்டர்ல பேஸ்ட் குடுத்துட்டு எழுந்து போனேன், வயர் லூசா இருந்திருக்கு, நடுவுல கழண்டுடுச்சி. திரும்பி வந்து பாத்தா போன்லயும் கொஞ்சம் இல்ல, கம்ப்யூட்டர்லயும் இல்ல. கடைசியா வந்த ஒரு போட்டோ இன்னும் என்கிட்ட இருக்கு, மேல பாதி சாமி குடையும் ரெண்டு பேர் தலையும், கீழ பாதி வெறும் சாம்பல் கலரு. போன வயர்ல மாட்டுனா அது பென் டிரைவ் மாதிரி கெடையாது, எம்டிபின்னு ஒரு மொற, போன்தான் ஒவ்வொரு ஃபைலா எடுத்து எடுத்து நீட்டும், நடுவுல தூங்கிட்டாலோ வயர் ஆடுனாலோ அந்தரத்துல நின்னுடும். காப்பின்னா நின்ன எடத்துல இருந்து திரும்ப ஆரம்பிச்சிக்கலாம், போன்ல இருக்கறது போன்லயே இருக்கும்.

அதே காரணத்துக்காக மொத்தமா ஒரே தடவையில இழுக்கவும் வேணாம். அம்மா கேமரா ஃபோல்டர்ல 6,412 ஃபைல், 38 ஜிபி, தொறந்தாலே லிஸ்ட் வரதுக்கு டீ போட்டு எடுத்துட்டு வந்துடலாம். நான் வருஷம் வருஷமா ஃபோல்டர் போட்டு ஐநூறு ஐநூறா எடுத்தேன், ஒண்ணே கால் மணி நேரம் ஆச்சு. அம்மா போன்ல ஃபைல் பேரே தேதியும் நேரமும்தான், அதனால பேர் வாரியா அடுக்குனா வரிசையா வந்துடும். கம்ப்யூட்டர்ல மாடிஃபைட் தேதிய நம்பாதீங்க, சில சமயம் காப்பி பண்ண அன்னிக்கு தேதிய காட்டும், டேட் டேக்கன்னு தனியா ஒரு வரிசை இருக்கு, அதுதான் போட்டோவுக்கு உள்ளயே எழுதியிருக்கற தேதி. வாட்ஸ்அப்ல வந்ததுக்கு நடுவுல டபிள்யூஏன்னு இருக்கும், அந்த பேர்ல இருக்கற தேதி நமக்கு வந்து சேந்த தேதி, எடுத்த தேதி கெடையாது.

மொச்ச போட்டோ பேரு 20230114ன்னு ஆரம்பிக்குது. 2023 போகிப் பண்டிகை. மறுநாள் பொங்கலுக்கு கொழம்பு வெக்க மொச்ச உரிச்சிகிட்டு இருந்திருக்காங்க. ஆயா யார பாத்து சிரிச்சாங்கன்னு வீட்டுல பெரிய பேச்சா இருந்துச்சி, அடுத்த போட்டோ ஒம்பது செகண்டு கழிச்சி எடுத்தது, அதுல ஓரத்துல என் தங்கச்சி பையன் மொச்ச தோல தலையில போட்டுகிட்டு நிக்கிறான். குரூப்புல அந்த ரெண்டாவது போட்டோ வரவே இல்ல, அம்மா போன்ல மட்டும்தான் இருந்துச்சி.

காப்பி முடிஞ்சதும் ரெண்டு பக்கமும் எண்ணிக்கை பாத்தேன், போன்ல அந்த ஃபோல்டர் டீடெய்ல்ஸ்ல எத்தனை ஃபைல்னு வரும், கம்ப்யூட்டர்ல ப்ராப்பர்டீஸ்ல வரும். மூணு கொறஞ்சிது. மூணும் பெரிய வீடியோ, திரும்ப தனியா எடுத்தேன். அப்பறம் ஒவ்வொரு வருஷத்துலயும் அங்கங்க பத்து பத்து தொறந்து பாத்தேன், சாம்பல் விழுந்திருக்கான்னு. அதுக்கு அப்பறமும் அன்னிக்கே போன்ல அழிக்கல, இன்னொரு ஹார்ட் டிஸ்க்லயும் போட்ட பொறவுதான் அழிச்சேன்.

அக்காவுது ஐபோன். அதுல வயர் மாட்டுனதும் இந்த கம்ப்யூட்டர நம்பலாமான்னு கேக்கும், டிரஸ்ட் குடுத்து பாஸ்கோடு போடணும். பாதி காப்பில எரர் வந்து நிக்குதுன்னு போன் பண்ணாங்க, செட்டிங்ஸ்ல போட்டோஸ் உள்ள கடைசியா டிரான்ஸ்ஃபர் டு மேக் ஆர் பிசின்னு இருக்கும், அத ஆட்டோமேட்டிக்ல இருந்து கீப் ஒரிஜினல்ஸுக்கு மாத்த சொன்னேன், சரியா போச்சு. ஆனா ஹெச்இஐசின்னு ஒரு வகையில வரும், 2017ல ஐஓஎஸ் 11 வந்ததுல இருந்து அப்படித்தான், பழைய கம்ப்யூட்டர்ல அது தொறக்க தனியா ஒரு சாஃப்ட்வேர் போடணும்.

கூகுள் போட்டோஸ்ல தானா ஏறிடுமே இவ்வளவு எதுக்குன்னு தம்பி கேட்டான். அம்மா அக்கவுண்ட்ல 15 ஜிபி எப்பவோ ரொம்பிடுச்சி, 2021 ஜூன் 1க்கு அப்பறம் ஏத்தறது எல்லாம் அந்த கணக்குலதான் வரும், அதனால பேக்கப் நின்னு ஒரு வருஷத்துக்கு மேல ஆகியிருக்கு, யாருக்கும் தெரியல. இன்னொண்ணு, பேக்கப் ஆன போட்டோவ அந்த ஆப்ல டெலிட் பண்ணா போன்லயும் போயிடும் கூகுள் அக்கவுண்ட்லயும் போயிடும், போன்ல மட்டும் எடம் வேணும்னா ஃப்ரீ அப் ஸ்பேஸ்னு தனியா இருக்கறததான் தட்டணும். இத உங்க அம்மா அப்பாவுக்கு பக்கத்துல ஒக்காந்து சொல்லி குடுங்க.

நான் ஏன் இப்படி பொலம்பறேன்னா, சித்தப்பா வீடு குண்டு உப்பலவாடி பக்கம். 2024ல ஃபெஞ்சல் புயல் அடிச்சி, அடுத்து சாத்தனூர் அணைய தொறந்து விட்டு தென்பெண்ணையில வெள்ளம் வந்தப்ப வீட்டுக்குள்ள இடுப்பளவு தண்ணி. பீரோ கீழ் தட்டுல கல்யாண ஆல்பம். தண்ணி வடிஞ்ச அப்பறம் சித்தி அத வெயில்ல காய வெச்சி பொறுமையா பிரிச்சாங்க, பிரிக்க பிரிக்க போட்டோ மேல இருக்கற பூச்சு பிளாஸ்டிக் தாளோட ஒட்டிகிட்டு வந்துடுச்சி. அது ஜெலட்டின், தண்ணியில ஊறி கொழகொழன்னு ஆகும், காஞ்சா எதோட இருக்கோ அதோட ஒட்டிக்கும், ஈரமா இருக்கறப்பவே நல்ல தண்ணியில மெதுவா அலசி தனித்தனியா பிரிச்சிருக்கணும், அப்ப எங்க யாருக்கும் அது தெரியாது. தாலி கட்டுற போட்டோவுல சித்தப்பா கையும் மாலையும் தாள்ல இருக்கு, சித்தி மூஞ்சி பிளாஸ்டிக்ல இருக்கு. ரெண்டையும் சேத்து வெச்சி பாத்துகிட்டு ரொம்ப நேரம் ஒக்காந்திருந்தாங்க. ஆயா பக்கத்துல வந்து "நாந்தான் இருக்கேனே, நான் சொல்றேன் உன் கல்யாணத்த"ன்னாங்க.

போன ஞாயித்துக்கெழம சித்தியும் வந்திருந்தாங்க. கம்ப்யூட்டர்ல ஒண்ணொண்ணா ஓட்டுனேன், பெரிய ஸ்க்ரீன்ல பாக்கறது எல்லாருக்கும் அதுதான் மொத தடவ. மொச்ச போட்டோ வந்ததும் கிட்ட கொண்டு வர சொன்னாங்க. மூக்குத்தியில கல்லு தனித்தனியா தெரிஞ்சிது, நடுவுல ஒரு கல்லு இல்ல. "அது என் கல்யாணத்தன்னிக்கு விழுந்தது, பந்தல் பூரா தேடுனோம்"னு சித்தி சொன்னாங்க. அம்மாவுக்கே அது தெரியாது.

அந்த ரெண்டாவது ஹார்ட் டிஸ்க் இன்னும் இதே மேஜையிலதான் இருக்கு. மழை காலம் வரதுக்கு முன்னாடி பாண்டிச்சேரி லாஸ்பேட்டைக்கு போயி அக்கா வீட்டு மாடியில வெச்சிட்டு வரணும். அவங்க கிட்ட இருக்கற ஆயா வீடியோவ அதுலயே ஏத்திக்கிறேன்னு சொல்லியிருக்கேன்.