தண்ணீர்மலைக்கு வந்த உதிரியர்

வீட்டில் துக்கம் நடந்தால் ஓராண்டுக்கு மலைக்கோயில் ஏறக்கூடாது என்பது எங்கள் குடும்ப வழக்கம். அம்மாவின் தலைதிவசம் முடிந்ததும் வந்த முதல் கிருத்திகையன்று, தங்கை மகளை அழைத்துக்கொண்டு மலேசியாவின் பினாங்குத் தீவுக்குப் போகப் பட்டர்வொர்த்தில் பெர்ரி ஏறினேன். ஜார்ஜ்டவுனில் பசியாறிவிட்டுத் தண்ணீர்மலை அடிவாரத்துக்குப் போய்ச் சேர்ந்தோம். என் கைப்பையில் காகிதத்தில் மடித்த ஒரு காய்ந்த சாமந்தி இருந்தது. அம்மா கடைசியாகப் பால்குடம் எடுத்த தைப்பூசத்தில் கிடைத்த பிரசாதப் பூ அது. ஏன் கொண்டுவந்தேன் என்று அப்போது கேட்டிருந்தால் சொல்லத் தெரிந்திருக்காது.

மேலே பாலதண்டாயுதபாணி கோயிலுக்கு 513 படிகள். இப்போதிருக்கும் பெரிய கோயில் 2012-இல் குடமுழுக்கு கண்டது. அதற்கு முன்பு இருந்த சின்னக் கோயிலுக்கு அம்மாவின் இடுப்பில் உட்கார்ந்து போனவள் நான். இன்று என் பக்கத்தில் நடந்த பிள்ளை இடைநிலைப்பள்ளியில் படிவம் ஒன்றில் படிக்கிறாள். அவள் கையில் எப்போதும் ஒரு நோட்டு இருக்கும். அதில் ஒரு கற்பனை இனத்தை மாதக்கணக்கில் வளர்த்துக்கொண்டிருக்கிறாள். பெயர் உதிரியர்.

தீவின் வடக்குக் கடற்கரையில் நீர் வற்றியிருந்த ஒரு மாலைதான் அதற்கு விதை. அங்கே சின்னஞ்சிறு நண்டுகள் மணலை வாயில் அரித்து உணவை எடுத்துக்கொண்டு, மிச்சத்தை உருண்டை உருண்டையாக வைத்துவிட்டுப் போகும். வளையைச் சுற்றி அச்சு அசலாகப் புள்ளிக்கோலம். அடுத்த ஏற்றத்தில் ஒரு புள்ளி மிஞ்சாது. மறுபடி நீர் வற்றியதும் மறுபடி கோலம்.

உதிரியரும் அலைவாய்க் கரையில் வாழ்பவர்கள். வெங்காயச் சருகு போன்ற தோல் அவர்களுக்கு. பௌர்ணமிதோறும் அது உரியும், அதோடு பெயரும் போய்விடும். காலையில் முதலில் பார்ப்பவர் புதுப் பெயர் வைப்பார். நீர் வற்றும்போது சேற்று உருண்டைகளால் வீடு கட்டுவார்கள், ஏறும்போது கடலுக்குக் கொடுத்துவிடுவார்கள். தப்பித்தவறி ஒரு வீடு நின்றுவிட்டால், வீட்டுக்காரரே கையால் வாய்க்கால் வெட்டி அலையை உள்ளே அழைப்பார். ஒரு பாட்டை ஒருமுறைதான் பாடுவார்கள்.

இருநூறு படி ஏறியதும் மூச்சு வாங்க நின்றபோது, எனக்கு உறுத்திக்கொண்டிருந்ததைக் கேட்டேன். "எதையுமே வைத்துக்கொள்ளாதவர்களுக்குப் பாசம் எப்படி இருக்கும்?"

"அதான் பெரியம்மா, அவங்க ரொம்ப கவனமா கட்டுவாங்க. ஒரு நேரத்துக்குத்தானே."

நான் பதில் சொல்லவில்லை. அந்தக் காய்ந்த பூ என் பையில் கனத்தது.

மேலே நல்ல நேரத்துக்குப் போய்ச் சேர்ந்தோம், அபிஷேகம் தொடங்கியிருந்தது. எத்தனையோ முறை கண்டதுதான், ஆனால் அன்று அவள் கண்ணோடு சேர்ந்து பார்த்தேன். பால் தலையிலிருந்து வழிந்து திருமேனி முழுக்க வெள்ளையானது. தண்ணீர் ஊற்றினார்கள், வெள்ளை போனது. பஞ்சாமிர்தம், தண்ணீர். இளநீர், தண்ணீர். சந்தனத்தைக் குருக்கள் அவசரமே இல்லாமல் குழைத்து, கண், மூக்கு, உதடு என்று விரல் நுனியால் ஒவ்வொன்றாகத் திருத்தினார். கொஞ்ச நேரத்தில் கழுவப்போகும் முகம் அது. அது அவருக்கும் தெரியும், கூப்பிய கையோடு நின்ற எங்களுக்கும் தெரியும். இருந்தும் இடது புருவத்தில் ஒரு சின்னக் கோணலைக் கண்டு, மறுபடி தொட்டுச் சரி செய்தார். எனக்குக் கண்ணீர் வந்துவிட்டது.

"இவர் உதிரியர்தான்," என்று பிள்ளை என் காதில் சொன்னாள்.

பழம் கிடைக்கவில்லை என்று எல்லாவற்றையும் உதறிக் கோவணத்தோடு மலையேறியவன் நம் முருகன். அவனுக்கு ராஜ அலங்காரமும் செய்கிறோம், அன்றிரவே களைந்தும் விடுகிறோம். தைப்பூசத்துக்கு முந்தின நாள், வெள்ளி ரதத்துக்கும், 2017 முதல் வரும் தங்க ரதத்துக்கும் முன்னே மலைமலையாகக் குவித்த தேங்காய்கள் சிறிது நேரத்தில் சிதறி, இளநீர் வெள்ளமாய்த் தெருவில் ஓடும். சின்ன வயதில் எனக்கு அது வீணாகத் தெரிந்தது. உடைப்பதற்கு முன் ஒவ்வொரு காயையும் கழுவி மஞ்சள் தடவிய அம்மாவின் கை இப்போதுதான் நினைவில் தெளிவாக வருகிறது.

அப்புறம் நெய்விளக்கு ஏற்றப் போனோம். மலையுச்சிக் காற்று சும்மா இருக்குமா? எங்கள் விளக்கு இரண்டு நிமிடம்கூட நிற்கவில்லை.

"அணைஞ்சுபோச்சு," என்றாள் பிள்ளை, முகம் வாடி.

பக்கத்தில் திரி திரித்துக்கொண்டிருந்த ஒரு பாட்டி நிமிர்ந்தார். "அப்படிச் சொல்லக் கூடாது கண்ணு. விளக்கு மலையேறிடுச்சுன்னு சொல்லணும்."

அவள் அப்படியே நின்றாள். நோட்டைத் திறந்தாள், கை நடுங்கியது. உதிரியரில் ஒருவர் போய்விட்டால் மற்றவர்கள் என்ன சொல்வார்கள் என்று எழுத அவளுக்குப் பல வாரமாகச் சொல் அகப்படவில்லை. அந்த ஓர் இடத்தை வெறுமையாகவே விட்டிருந்தாள்.

"நம்ம பாட்டிக்கும் இப்படிச் சொல்லலாமா பெரியம்மா?"

"சொல்லலாம்டா," என்றேன். இந்த ஓராண்டில் துக்கம் கேட்டு வந்தவர்களிடம் நான் சொல்ல முடியாமல் விழுங்கிய வாக்கியம் ஒன்று இருந்தது. அது அந்த இடத்தில் தொண்டையை விட்டு இறங்கியது.

இறங்கும் வழியில், கால் படாத இடமாகப் பார்த்து, ஒரு மரத்தடியில் சாமந்தியை வைத்தேன். விரல் பட்டதுமே பாதி தூளாகிவிட்டது. பிள்ளை எதுவும் கேட்கவில்லை. சில படிகள் தள்ளித்தான் வாயைத் திறந்தாள்.

"பால்குடம் எடுத்துட்டு இறங்குறப்ப பாட்டி எந்தப் படியில உட்காருவாங்க?"

காட்டினேன். இருவரும் அதில் உட்கார்ந்து, பாட்டிலில் மிச்சமிருந்த தண்ணீரைக் குடித்தோம்.