ஊரே வந்திருந்துச்சு

"கல்யாணத்துக்கு ஊரே வந்திருந்துச்சு தம்பி" என்றுதான் அந்த அம்மா சொன்னார்கள். நானும் தலையாட்டினேன். எந்தக் கல்யாணத்துக்குத்தான் ஊர் வரவில்லை?

பழைய ஃபிலிம்களை ஸ்கேன் செய்து காப்பது என் வேலை. அந்த அம்மாவிடம் இருந்தவை இரண்டு டப்பாக்கள். இரண்டிலும் 100 அடி, 16 எம்.எம். ரீல், ஓட்டினால் மூன்று நிமிடம்கூட வராது. ரயில்வேயில் இருந்த அவர்களுடைய அப்பா எடுத்தது. ஒன்றில் தனுஷ்கோடித் துறை, தலைமன்னார் கப்பல், கப்பலுக்காக போட் மெயில் ரயிலில் வந்து இறங்கும் கூட்டம். இன்னொன்றில் அக்காவின் கல்யாணம். கையிலிருந்த பணத்துக்கு ஒன்றைத்தான் ஸ்கேன் செய்ய முடியும். "துறைமுகத்தை முதல்ல எடுத்துடலாம்மா, அது வரலாறு. கல்யாணம் வீட்டு விஷயம்தானே, அப்புறம் பார்த்துக்கலாம்" என்றேன்.

1964 டிசம்பர் புயல் அந்தத் துறையையே கொண்டுபோய்விட்டது. அதனால் நான் சொன்னது சரிதான் என்று இன்றும் வாதாட முடியும். ஆனால் ஃபிலிம் சிதையும்போது வரும் வினிகர் நெடி அதிகம் அடித்தது கல்யாண டப்பாவில். உள்ளே போட்டுவைத்த அமிலச் சோதனைக் காகிதம் நீலம் மாறி மஞ்சளாகியிருந்தது. அசிடேட் ஃபிலிமில் கசியும் அமிலமே அடுத்த சிதைவையும் தூண்டும். ஒரு கட்டத்துக்குப் பிறகு வேகம் கூடிக்கொண்டே போகும். முற்றியதை முதலில் எடு என்பது எங்கள் தொழிலின் பாலபாடம். தெரிந்தேதான் மாற்றிச் செய்தேன்.

புனே தேசியத் திரைப்படக் காப்பகத்தை வளர்த்த பி.கே. நாயர், நல்ல படம் மோசமான படம் என்று தரம் பிரிக்காமல் கிடைத்ததையெல்லாம் சேர்த்தவர். அதைப் பலரிடம் பெருமையாகச் சொல்லியிருக்கிறேன். என் மேசைக்கு வந்தபோது நான் பிரித்தேன். பணம் இருந்திருந்தால் பிரித்திருக்க மாட்டேன். அப்படித்தான் நினைக்கிறேன். ஆனால் "வீட்டு விஷயம்" என்ற சொல்லைப் பணமா சொல்ல வைத்தது?

ஸ்கேன் முடிந்து போட்டுக் காட்டியபோது, கூட்டத்தில் பெட்டி தூக்கிப் போகும் ஒரு பையனை அந்த அம்மா நிறுத்தச் சொன்னார்கள். "இவன்தான் அக்கா கல்யாணத்துல பந்திக்குத் தண்ணி ஊத்தினான். புயல்ல போயிட்டான்."

"கல்யாணம் எங்கம்மா நடந்துச்சு?" அதுவரை நான் கேட்கவே இல்லை.

"தனுஷ்கோடியிலதான். எங்க வீட்டு வாசல்லயே. ஊரே வந்திருந்துச்சுன்னு சொன்னேனே தம்பி."

அன்று மாலை அந்த டப்பாவைத் திறந்தேன். சுற்றுக்குச் சுற்று ஒட்டிக்கொண்டு, கருப்பட்டி வட்டு மாதிரி ஒரே கட்டியாக இருந்தது. வெளிச்சுற்றில் ஒரு விரல் நீளம் மட்டும் பிரிந்து வந்தது. லென்ஸ் வைத்துப் பார்த்தேன். வாழைமரம், ஒரு பெண்ணின் தோள், பின்னால் தலைகள்.

இப்படி ஒட்டிய ரீல்களைப் பிரித்துப் பார்க்கும் ஆய்வகங்களுக்கு எழுதியிருக்கிறேன். அந்த அம்மா மாதம் ஒருமுறை ஃபோனில் கேட்பார்கள், "அந்த இன்னொரு டப்பா என்னாச்சு தம்பி?" "வரிசையில இருக்கும்மா" என்கிறேன்.